இருபது வருடத்தின் விலை

1938இல் ராஜாஜி தலைமையிலான சென்னை மாகாண அரசு விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தைக் கொண்டுவந்தது. அதன் எட்டாவது பிரிவில் ஒரு விதி உண்டு. 1932 அக்டோபர் 1ஆம் தேதிக்கு முன் ஒரு விவசாயி பட்ட கடனுக்கு, அசல் என்றோ வட்டி என்றோ எந்தப் பெயரில் கட்டியிருந்தாலும், கட்டிய தொகை அசலைப் போல இரண்டு மடங்கை எட்டிவிட்டால் அந்தக் கடன் முழுவதும் தீர்ந்ததாகக் கொள்ள வேண்டும். கடலூரைத் தலைநகராகக் கொண்ட தென்னாற்காடு மாவட்டத்தில் நெல்லும் மல்லாட்டையும் விலை விழுந்து, நிலத்தை அடமானம் வைத்தவர்கள் வட்டி கட்டியே ஓய்ந்துபோயிருந்த காலம் அது. கொடுத்தவனுக்கு எவ்வளவு போய்ச் சேர்ந்தால் போதும் என்ற கேள்விக்கு அன்றைய சட்டசபை சொன்ன பதில், இரண்டு மடங்கு.

இன்று கடலூர் மஞ்சக்குப்பத்திலோ சிதம்பரம் அண்ணாமலை நகரிலோ ஒருவர் 25 லட்சம் ரூபாய் வீட்டுக்கடன் வாங்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். வட்டி 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு. மாதத் தவணை 21,696 ரூபாய் வரும். 240 மாதம் கட்டி முடிக்கும்போது அவர் கொடுத்திருப்பது 52 லட்சத்து 7 ஆயிரம், அதாவது அசலைப் போல 2.08 மடங்கு. 1938இன் அளவுகோலை வைத்துப் பார்த்தால் 231ஆவது தவணையோடு கடன் தீர்ந்திருக்க வேண்டும். அந்தச் சட்டம் விவசாயிகளின் பழைய கடனுக்கானது. வங்கி வீட்டுக்கடனுக்கும் அதற்கும் சட்டப்படி எந்தத் தொடர்பும் இல்லை. ஆனாலும், நம் தாத்தாக்கள் காலத்தில் கொடுமையின் எல்லையாகக் கருதப்பட்ட ஒரு தொகையை இன்றைக்கு ஒரு நடுத்தரக் குடும்பம் சாதாரணமாகக் கடந்துபோகிறது என்பதை ஒரு நிமிடம் நின்று பார்க்க வேண்டும். அது அநியாயமா, நியாயமான விலையா என்பது வாங்குபவர் யார், அந்த 20 வருடத்தில் அவர் ஊரில் என்ன நடக்கிறது என்பதைப் பொறுத்தது.

வீட்டுக்கடனுக்குப் போகிறவர்கள் வங்கியில் முதலில் கேட்பது, "மாசம் எவ்வளவு வரும் சார்?" என்றுதான். மாதச் சம்பளத்தில் வாழ்கிறவர்கள் வேறு எப்படிக் கேட்பார்கள்? ஆனால் மாதத் தொகையைக் காலத்தை நீட்டி வேண்டிய அளவுக்குக் குறைத்துக் காட்ட முடியும். அதே 25 லட்சத்தை 15 ஆண்டில் கட்டினால் தவணை 24,619, மொத்த வட்டி 19 லட்சத்து 31 ஆயிரம். 20 ஆண்டில் வட்டி 27 லட்சத்து 7 ஆயிரம். 30 ஆண்டுக்கு நீட்டினால் தவணை 19,223 ஆகக் குறையும். வட்டி 44 லட்சத்து 20 ஆயிரமாக ஏறும். 20 ஆண்டிலிருந்து 30 ஆண்டுக்குப் போனால் மாதம் மிச்சமாவது 2,473 ரூபாய், கூடுதலாகக் கொடுப்பது 17 லட்சத்துக்கு மேல்.

வங்கி தரும் தவணை அட்டவணையை எடுத்து முதல் வரியைப் படியுங்கள். 21,696 ரூபாயில் வட்டிக்குப் போனது 17,708; அசலில் கழிந்தது 3,988. இரண்டாவது வரியில் அசல் இருபத்தெட்டு ரூபாய் கூடுதலாகக் கழியும். இப்படியே நகர்ந்து, ஐந்து வருடம் ஒரு தவணைகூடத் தவறாமல் 13 லட்சம் கட்டிய பிறகு பாக்கி நிற்பது 22 லட்சத்து 3 ஆயிரம். அசலில் பாதி கரைய 13 வருடம் 10 மாதம் ஆகும். இதில் ஏமாற்று எதுவும் இல்லை. அந்தந்த மாதம் நிற்கும் பாக்கிக்கு வட்டி எடுத்துக்கொண்டு மீதியை அசலில் கழிக்கிறார்கள், அவ்வளவுதான். ஆனால் கடன் வாங்கியவருக்கு இடையில் ஏதாவது நேர்ந்தால், அது முதல் ஏழெட்டு வருடத்துக்குள் நேர்ந்தால், கட்டிய பணத்தில் பெரும்பகுதி வீட்டில் சேராமலே போயிருக்கும்.

நேரும் என்பதற்குச் சிதம்பரமே சாட்சி. 1929இல் தொடங்கிய அண்ணாமலைப் பல்கலைக்கழகம்தான் அந்த ஊரின் பெரிய சம்பளக்கூடம். அங்கே வேலை கிடைத்தால் ஓய்வு பெறும்வரை கவலை இல்லை என்று நம்பி ஊரிலேயே மனை வாங்கி வீடு கட்டிக் குடியேறுவது இயல்பான காரியம். பல்கலைக்கழகம் நிதி நெருக்கடியில் சிக்கி, 2013இல் தமிழக அரசு நிர்வாகத்தைத் தன் கையில் எடுத்தது. தேவைக்கு மேல் இருந்தவர்கள் என்று கணக்கிடப்பட்ட ஆசிரியர்களும் ஊழியர்களும் வேறு ஊர்களின் அரசுக் கல்லூரிகளுக்கும் அலுவலகங்களுக்கும் அனுப்பப்பட்டார்கள். சிதம்பரத்தில் தவணை, வேலை பார்க்கும் ஊரில் வாடகை என்று இரண்டும் சேரும்போது வீட்டின் விலை மாறிவிடுகிறது. அந்த விலை எந்த அட்டவணையிலும் அச்சாவதில்லை.

இரண்டு மடங்கு என்பதை மட்டும் சொல்லி நிறுத்தினால் அது பாதி உண்மை. பணத்தின் மதிப்பு தேய்கிறது. விலைவாசி வருடம் 5 சதவீதம் ஏறுகிறது என்று கொண்டால், கடைசித் தவணையாகக் கட்டும் 21,696 ரூபாய் இன்றைய மதிப்பில் சுமார் 8,000தான். 240 தவணையையும் அப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால் 32 லட்சத்து 87 ஆயிரம். 27 லட்சம் என்று பயமுறுத்திய வட்டி, உண்மை மதிப்பில் 8 லட்சத்துக்குள் அடங்குகிறது. இப்படிக் கணக்குப் போடுபவர்கள் வீட்டுக்கடனைப் போல மலிவான கடன் இல்லை என்பார்கள். அவர்கள் சொல்வதில் நியாயம் உண்டு.

ஆனால் இந்தக் கணக்கு பலிக்க, கட்டுபவரின் வருமானமும் விலைவாசியோடு ஏற வேண்டும். அகவிலைப்படி வாங்கும் அரசுப் பள்ளி ஆசிரியருக்கும் நெய்வேலி நிலக்கரி நிறுவனத்தின் நிரந்தர ஊழியருக்கும் அது ஏறும். பத்தாவது வருடத்தில் அவர்களுக்குத் தவணை பாதிச் சுமையாகத் தெரியும். தேவனாம்பட்டினத்தில் மீன் ஏலம் எடுத்து விற்பவருக்கோ, சிதம்பரம் கீழவீதியில் சின்னக் கடை வைத்திருப்பவருக்கோ, சிப்காட் தொழிற்பேட்டையில் ஒப்பந்தத் தொழிலாளியாக இருப்பவருக்கோ அப்படி ஏறும் என்று யாரும் உத்தரவாதம் தரவில்லை. ஒரே கடன் ஒருவருக்கு 33 லட்சம், இன்னொருவருக்கு 52 லட்சம் என்று ஆகிறது. என்னைப் பொறுத்தவரை வீட்டுக்கடனைப் பற்றித் தமிழில் நடக்கும் பேச்சில் பெரிய குறை இதுதான்: அகவிலைப்படி உள்ளவரின் அனுபவத்தை எல்லோருக்குமான புத்திமதியாகச் சொல்லிவிடுகிறோம்.

அடுத்தது வட்டி விகிதம். அமெரிக்காவில் 30 வருடத்துக்கும் மாறாத வட்டியில் வீட்டுக்கடன் வாங்குவது பெருவழக்கு. அசலும் வட்டியும் சேர்ந்த தவணை முதல் மாதம் எவ்வளவோ அதுவே கடைசி மாதமும். நம்மூரில் பெரும்பாலும் மாறும் வட்டி. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக்கடனை ரெப்போ (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி) போன்ற வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி சொன்னது. 2020 மே மாதம் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2022 மே மாதத்திலிருந்து ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5 ஆனது. பத்தே மாதத்தில் இரண்டரை சதவீதம்.

இந்த இரண்டரை சதவீதம் என்ன செய்யும்? 6.75 சதவீத வட்டியில் 25 லட்சம், 20 ஆண்டுக்கு வாங்கியவரின் தவணை 19,009. ஒரு வருடம் கட்டிய பிறகு பாக்கி 24 லட்சத்து 39 ஆயிரம். கணக்கை எளிமையாக வைத்துக்கொள்ள, அந்த நேரத்தில் வட்டி ஒரேயடியாக 9.25 ஆனது என்று கொள்வோம். மாத வட்டி மட்டுமே 18,799 ரூபாய். பழைய தவணையையே கட்டினால் அசலில் 210 ரூபாய்தான் கழியும். கடன் தீர இன்னும் 587 மாதம், கிட்டத்தட்ட 49 வருடம் வேண்டும். முப்பத்தைந்து வயதில் கடன் வாங்கியவருக்கு 85 வயது வரை தவணை. தவணையை ஏற்றாமல் காலத்தை மட்டும் நீட்டுவது வங்கிகளின் வழக்கமாக இருந்தது. வாங்கியவரின் சம்பளக் கணக்கிலிருந்து அதே தொகைதான் போய்க்கொண்டிருக்கும் என்பதால் அவருக்கு எதுவும் தெரியவராது. சொன்ன காலத்திலேயே முடிக்க வேண்டுமென்றால் தவணை 22,749 ஆக வேண்டும், அதாவது மாதம் 3,740 கூடுதல்.

2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி இதில் தலையிட்டது. வட்டி மாறும்போது அது தவணையையும் காலத்தையும் எப்படிப் பாதிக்கும் என்று வாடிக்கையாளருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கொஞ்சம் கொஞ்சமா என்று அவர் தேர்ந்தெடுக்க வேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பும் 2025 செப்டம்பர் வரை கட்டாயமாக இருந்தது. தேர்ந்தெடுக்கும் உரிமை இருக்கிறது. கிளைக்குப் போய் எழுதிக் கொடுத்துக் கேட்பவர்கள்தான் குறைவு.

இனி கடலூரின் 20 வருடத்துக்கு வருவோம். 2004 டிசம்பர் தொடக்கத்தில் கடலூரில் ஒரு 20 வருடக் கடன் ஆரம்பித்தது என்று கொண்டால், முதல் மாதமே, டிசம்பர் 26 அன்று, சுனாமி. 2008 ஜூலையில் ரெப்போ 9 சதவீதம். 2009 ஏப்ரலில் அது 4.75க்கு இறங்கியபோதும் பழைய கடன்காரர்களுக்கு வங்கிகள் அந்த இறக்கத்தை முழுதாகக் கொடுக்கவில்லை. 2011 டிசம்பர் 30 காலையில் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே தானே புயல் கரையைக் கடந்தது. அப்போது ரெப்போ மறுபடி 8.5. பண்ருட்டி வட்டாரத்தில் முந்திரியும் பலாவும் வேரோடு சாய்ந்தன. ஒரு முந்திரிக்கன்று நட்டுக் காய்ப்புக்கு வர வருடங்கள் ஆகும்; தவணைக்கு அந்தப் பொறுமை கிடையாது. 2015 நவம்பரில் விசூர், பெரியகாட்டுப்பாளையம் வெள்ளம், டிசம்பர் வரை மாவட்டமே தண்ணீரில். 2020இல் ஊரடங்கு. கடைசித் தவணை மாதமான 2024 டிசம்பரில் ஃபெஞ்சல் புயலைத் தொடர்ந்து சாத்தனூர் அணைத் தண்ணீர் தென்பெண்ணையில் வந்து கடலூரின் புறநகரை மூழ்கடித்தது.

இது கற்பனையான துரதிர்ஷ்டசாலியின் கதை அல்ல. இந்தக் கடற்கரையில் எந்த 20 வருடத்தை வெட்டி எடுத்தாலும் இப்படி இரண்டு மூன்றாவது அதில் இருக்கும். நீண்ட காலக் கடனின் விலையைப் பேசும்போது அந்தக் காலத்துக்குள் என்னென்ன வரும் என்பதையும் விலையோடு சேர்த்தாக வேண்டும். சென்னையிலிருந்து எழுதும் கணக்குகள் இதைச் சேர்ப்பதில்லை.

ஊரடங்கில் தவணைக்கு விலக்கு தந்தார்களே என்று கேட்கலாம். 2020 மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதம் தந்தார்கள். வட்டி மட்டும் ஓடிக்கொண்டே இருந்தது. நம் 25 லட்சக் கடனின் தொடக்கத்தில் அப்படி ஆறு மாதம் நிறுத்தினால் ஒரு லட்சத்து 6 ஆயிரம் பாக்கியில் ஏறும். அதே தவணையைக் கட்டிப்போனால் கடன் முடிய 240 தவணைக்குப் பதில் 270 தவணை ஆகும். ஆறு மாதச் சலுகைக்கு முப்பது தவணை, சுமார் 6 லட்சத்து 40 ஆயிரம். வட்டிக்கு வட்டி போட்டதை அரசு பின்னால் திருப்பித் தந்தது. இந்தத் தொகையில் அது சுமார் இரண்டாயிரம்தான். கையில் பணமே இல்லாதவருக்கு அந்த விலக்கு உயிர் காத்தது என்பதை மறுக்கவில்லை. பணம் இருந்தும் "சும்மா கிடைக்குதே" என்று எடுத்துக்கொண்டவர்கள் கொடுத்த விலைதான் என்னை உறுத்துகிறது.

மீனவக் குடும்பங்களுக்கு இந்தக் கணக்கு இன்னும் இறுக்கம். விசைப்படகுகளுக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். தவணை 90 நாள் நின்றால் கடன் வாராக்கடன் ஆகிவிடும். அதன்பின் 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ். அதற்குள் கட்டாவிட்டால் நீதிமன்றத்துக்குப் போகாமலே வங்கி வீட்டைக் கையகப்படுத்தும் நடவடிக்கையில் இறங்கலாம். வருமானமே இல்லாத இரண்டு மாதம் ஆண்டுதோறும் நிச்சயம். ஒரு புயலோ ஒரு மருத்துவச் செலவோ சேர்ந்தால் மூன்றாவது மாதமும் தவறும். அங்கேதான் தினவட்டிக்காரர் உள்ளே வருகிறார். எட்டரை சதவீதக் கடனின் தவணையைக் காப்பாற்ற வாங்கும் கந்துவட்டியும் அந்த வீட்டின் விலையில்தான் சேரும்.

சம்பளச் சீட்டு இல்லாதவர்களை வங்கி பெரும்பாலும் திருப்பி அனுப்பிவிடுகிறது. அவர்கள் போவது வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு. வெளி அளவுகோல் விதி இந்த நிறுவனங்களைக் கட்டுப்படுத்தாது, வட்டியும் அதிகம். 10 லட்சத்தை 15 ஆண்டுக்கு 13 சதவீதத்தில் வாங்கினால் கட்டுவது 22 லட்சத்து 77 ஆயிரம். 8.5இல் வாங்கினால் 17 லட்சத்து 73 ஆயிரம். வருமானத்தைக் காகிதத்தில் காட்ட முடியாததற்கான அபராதம் 5 லட்சம். வருமான வரிக் கணக்கு மூன்று வருடம் ஒழுங்காகத் தாக்கல் செய்வதற்கு ஆகும் செலவோடு இதை ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும்.

நுழைவுச் செலவுகளைச் சுருக்கமாகவே சொல்லலாம். தமிழ்நாட்டில் கிரயத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம். 4 சதவீதமாக இருந்த பதிவுக் கட்டணம் 2023இல் 2 சதவீதமாகக் குறைந்தது, அதோடு வழிகாட்டி மதிப்பு பழைய உயரத்துக்கு ஏறியது. இதற்கெல்லாம் பெரும்பாலும் வங்கி கடன் தராது. கையிருப்பு போதாமல் நகையை அடகு வைப்பதும் கைமாற்று வாங்குவதும் இங்கேதான் நடக்கும். வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரத்தை வங்கியில் ஒப்படைப்பதற்கான எம்.ஓ.டி. பதிவு எல்லாம் தனி. கவனமாக இருக்க வேண்டியது கடனோடு சேர்த்து விற்கும் ஒரே பிரீமிய இன்சூரன்ஸில். 75,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால் 20 வருடத்தில் அது ஒரு லட்சத்து 56 ஆயிரம். அதை வாங்கியே ஆக வேண்டும் என்று சட்டம் எதுவும் சொல்லவில்லை. குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேண்டும் என்பது உண்மை. தனியாக ஒரு டேர்ம் பாலிசி எடுத்தால் அது கடன் மாறினாலும் கூட வரும்.

மனையில் கட்டுபவருக்குக் கடன் மொத்தமாக வராது. பேஸ்மென்ட், லிண்டல், ரூஃப், பூச்சு என்று வேலை ஏற ஏற வரும். வீடு முடியும்வரை வட்டி மட்டும் கட்ட வேண்டும், அசலில் ஒரு பைசா கழியாது. 15 லட்சம் வாங்கிய நிலையில் ஐப்பசி மழை பிடித்துக்கொண்டு மூன்று மாதம் வேலை நின்றால் 31,875 ரூபாய் வட்டி, கூடவே குடியிருக்கும் வீட்டு வாடகை. கடலூரில் வீடு கட்டுபவர்கள் தை பிறந்ததும் கடைக்கால் தோண்டி ஆவணிக்குள் ரூஃப் போட்டுவிட அவசரப்படுவதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்க வேண்டும். கட்டிய பிறகும் உப்புக்காற்று விடாது. காங்கிரீட்டுக்குள் ஈரமும் உப்பும் இறங்கிக் கம்பி துருப்பிடித்தால், கம்பி உப்பி, கூரையின் அடிப்பகுதி பாளமாகப் பெயர்ந்து விழும். பத்துப் பதினைந்து வருடத்தில் அந்தச் செலவு வரும்போது கடனில் பாதி அசல் இன்னும் நிற்கும்.

கடனே வேண்டாம் என்று இருப்பவர்களும் இந்த மாவட்டத்தில் உண்டு. பரங்கிப்பேட்டையிலும் லால்பேட்டையிலும் வளைகுடாப் பணத்தில் கட்டும் வீடுகள் பல வருடம் கம்பி நீட்டிக்கொண்டு நிற்கும். ஒவ்வொரு முறை பணம் வரும்போதும் ஒரு மட்டம் ஏறும். காலத்தை வட்டியாகக் கொடுப்பதற்குப் பதில் காத்திருப்பாகக் கொடுக்கிறார்கள். இன்னொரு வழி போக்கியம். ஐந்து லட்சம் கொடுத்து இரண்டு மூன்று வருடம் வாடகையில்லாமல் குடியிருந்து, காலி செய்யும்போது முழுத்தொகையையும் திரும்ப வாங்குவது. அந்த ஐந்து லட்சத்தை 7 சதவீத டெபாசிட்டில் போட்டிருந்தால் மாதம் 2,900 வரும். அதுதான் உண்மையான வாடகை. அப்படித் தங்கி மூன்று வருடம் சேமித்து, 25 லட்சத்துக்குப் பதில் 20 லட்சம் மட்டும் வாங்கி 15 ஆண்டில் கட்டினால் தவணை 19,695, மொத்த வட்டி 15 லட்சத்து 45 ஆயிரம். அதற்குள் மனை விலை ஏறிவிடும் என்பது நியாயமான பயம்; எவ்வளவு ஏறினால் 11 லட்சத்துக்கு மேல் மிச்சமாகும் வட்டியை அது விழுங்கும் என்று கணக்குப் போட்டு முடிவெடுக்கலாம். போக்கியத்திலும் ஆபத்து உண்டு. வீடு ஏற்கெனவே வங்கியில் அடமானத்தில் இருந்து ஏலத்துக்கு வந்தால், குடியிருப்பவரின் பணம் வங்கிப் பாக்கிக்குப் பின்னால்தான் நிற்கும். வில்லங்கம் போட்டுப் பார்க்காமல் போக்கியப் பணம் கொடுக்கக் கூடாது.

கடன் வாங்கிவிட்டவர்களுக்குக் கையில் இருக்கும் ஒரே வலுவான கருவி முன்கூட்டிக் கட்டுவது. மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் போடக் கூடாது என்று 2012 ஜூனிலேயே ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. நம் 25 லட்சக் கடனில் முதல் வருட முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால் மிச்சமாகும் வட்டி 3 லட்சத்து 65 ஆயிரம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாவது வருட முடிவில் கட்டினால் மிச்சம் 50 ஆயிரம். வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாக, போனஸிலோ அறுவடையிலோ, கட்டிக்கொண்டே போனால் 20 வருடக் கடன் 16 வருடம் 9 மாதத்தில் முடியும். 5 லட்சத்து 15 ஆயிரம் மிஞ்சும். கட்டும்போது தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கச் சொல்லி எழுதிக் கொடுக்க வேண்டும். ஆனால் புயலும் தடைக்காலமும் உள்ள ஊரில், ஆறு மாதத் தவணையளவு பணத்தை முதலில் தனியாக ஒதுக்கி வைத்த பிறகே இதைச் செய்ய வேண்டும். கடனில் கட்டிய பணத்தை அவசரத்துக்குத் திரும்ப எடுக்க முடியாது; எடுக்கவும் போடவும் வசதியுள்ள ஓவர்டிராஃப்ட் வகைக் கடன் சில வங்கிகளில் உண்டு, வருமானம் ஏறி இறங்குகிறவர்களுக்கு அது பொருத்தம்.

கடைசித் தவணை கட்டியதும் வேலை முடிந்துவிடுவதில்லை. மூலப்பத்திரம் உள்ளிட்ட ஆவணங்களை 30 நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும். தன் தவறால் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்பது 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறை. பத்திரம் கைக்கு வந்ததும் பலர் பீரோவில் வைத்துப் பூட்டிவிடுகிறார்கள். எம்.ஓ.டி. பதிவு செய்த அதே சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தையும் பதிவு செய்ய வேண்டும். செய்யாவிட்டால், 52 லட்சம் கட்டி முடித்த வீட்டுக்கு வில்லங்கச் சான்று போட்டால் அடமானம் அப்படியே நிற்கும். பிள்ளைகள் விற்கவோ பாகம் பிரிக்கவோ போகும் நாளில், அந்த வங்கிக் கிளை வேறு வங்கியோடு இணைந்தோ இடம் மாறியோ இருந்தால், பழைய கணக்கைத் தேடி அலைவது அவர்கள் தலையில் விழும்.